புகையூட்டிய சால்மன்: நோயாளர் உள்ள இல்லங்களில் கவனிக்க வேண்டியவை

இலையுதிர் காலம் பிறந்ததும் ஒன்ராறியோ ஏரியிலிருந்து ஆறுகளில் ஏறும் சால்மன் மீன்களைத் தேடித் தூண்டிலுடன் புறப்படுவோர் நம்மவரிடையேயும் உளர். பிடித்த மீனை உப்பிலிட்டு வீட்டுத் தோட்டத்திலேயே புகையூட்டும் வழக்கமும் பரவி வருகின்றது. "வீட்டில் ஒருவருக்கு உப்புத் தடுக்கப்பட்டுள்ளது, உப்பைப் பாதியாகக் குறைத்துச் செய்தால் கொடுக்கலாமா?" என்று பராமரிப்பாளர் பலர் கேட்கின்றனர். நல்லெண்ணத்தில் எழும் இந்தக் கேள்விக்குள் ஓர் அபாயம் மறைந்திருப்பதால் அதனைச் சற்று விரிவாக நோக்குவோம்.

மாசிச் சம்பல் அறிந்த நமக்குப் புகையூட்டிய மீன் புதிதன்று. ஆயினும் மாசி வேறு, சால்மன் வேறு. சூரை மீனை அவித்து, புகையூட்டி, மரத்துண்டைப் போல இறுகும்வரை உலர்த்துவதே மாசி. கிருமி வளரத் தேவையான நீர் அதில் எஞ்சுவதில்லை. புகையூட்டிய சால்மனோ ஈரமும் கொழுப்பும் நிறைந்தது. அதில் உப்பு சுவைக்காக மட்டும் சேர்க்கப்படுவதன்று. கிருமிகளைத் தடுத்து நிறுத்தும் காவலும் அதுவே. சேமித்து உண்ணும் மீனில் உப்பைப் பாதியாக்கினால் காவலும் குறைந்துவிடும். முழு உப்பும் சேர்த்தாலோ, 100 கிராம் மீனில் ஏறத்தாழ 3 கிராம் உப்பு இருக்கக்கூடும். உலக சுகாதார நிறுவனம் ஒருவருக்கு நாள் முழுவதற்கும் பரிந்துரைப்பதே 5 கிராமுக்கும் குறைவான உப்புத்தான். இதய பலவீனமோ சிறுநீரக நோயோ உள்ளவர்களுக்கு மருத்துவர் விதிக்கும் அளவு இதனினும் குறைவாக இருக்கலாம்.

சோடியம் குறைந்த மாற்று உப்பைப் பயன்படுத்தலாமே என்று சிலர் எண்ணுவர். அவற்றுட் பல பொட்டாசியம் குளோரைட்டால் ஆனவை. சிறுநீரகம் தளர்ந்தவரின் குருதியில் பொட்டாசியம் மிகுந்தால் இதயத்துடிப்பே தடுமாறும். மருத்துவர் சொல்லாமல் இதனை நாடவே வேண்டாம்.

புகையூட்டலில் இரு முறைகள் உள்ளன. குளிர்ப்புகை முறையில் மீன் வேகுவதில்லை. கடைகளில் மெல்லிய இதழ்களாகக் கிடைப்பது பெரும்பாலும் அதுவே. குளிர்சாதனப் பெட்டியின் குளிரிலும் வளரவல்ல லிஸ்டீரியா என்னும் கிருமி அதில் இருக்கக்கூடும். கர்ப்பிணிகள், 65 வயதைக் கடந்தோர், புற்றுநோய் மருந்தேற்றம் பெறுவோர், உறுப்பு மாற்றம் செய்துகொண்டோர் ஆகியோர் அதனை அப்படியே உண்ணலாகாது. ஆவி பறக்கச் சூடாக்கிச் சமைத்த பின்னரே உண்ணலாம். வீட்டில் குளிர்ப்புகை முறையை எவருமே முயல வேண்டாம் என்பது எங்கள் கருத்து.

வெப்பப்புகை முறையே வீட்டுக்கு உகந்தது. ஏரி மீனாயின் எந்த அளவு உண்ணலாம் என்பதற்கு மாகாண அரசின் வழிகாட்டியை முதலில் பார்த்துக்கொள்க. ஒரு கோப்பை உப்புக்கு ஏழு கோப்பை நீர் என்னும் அளவில் கரைசல் செய்து, துண்டுகளை ஏறத்தாழ ஒரு மணி நேரம் குளிர்சாதனப் பெட்டியில் ஊறவிட வேண்டும். ஒருமுறை பயன்படுத்திய கரைசலை மறுமுறை பயன்படுத்தக் கூடாது. கழுவித் துடைத்து, மேற்பரப்பு பளபளப்பாக உலரும்வரை குளிர்ந்த இடத்தில் வைத்தால் புகை சீராகப் படியும். ஆல்டர், மேப்பிள் போன்ற மரச் சீவல்கள் ஏற்றவை. பிசின் வடியும் பைன் மரமும், வண்ணம் பூசிய பலகையும் ஆகா.

எல்லாவற்றினும் முக்கியமானது வெப்பமானி. மீனின் நடுச்சதை 66 பாகை செல்சியசை எட்டி, அந்த வெப்பத்தில் குறைந்தது 30 நிமிடம் நிற்க வேண்டும். நிறமும் மணமும் இதற்குச் சான்றாகா. வீட்டுப் புகையடுப்புகள் பல, குறிப்பாகக் குளிர்நாளில், இந்த வெப்பத்தை எட்டுவதில்லை. அப்போது மீனைச் சமையலறை அவனுக்கு மாற்றி வேகவைத்து முடிக்கலாம், சுவை கெடாது.

ஆறிய மீனை 3 பாகைக்கும் குறைவான குளிரில் வைத்துச் சில நாட்களுக்குள் உண்ண வேண்டும். மேலும் வைப்பதாயின் உறைய வைக்க வேண்டும். காற்று நீக்கிய பொதியில் அடைத்து வெளியே வைப்பது மிகவும் ஆபத்தானது. காற்றில்லாத இடத்தில் வளரும் பொட்டுலிசக் கிருமியின் நஞ்சு மணத்தாலோ சுவையாலோ தெரியாது. மீன் உண்டபின் இமை சரிதல், பார்வை இரட்டையாதல், விழுங்கவோ பேசவோ இயலாமை தோன்றினால் உடனே அவசர சிகிச்சைப் பிரிவுக்கு வர வேண்டும்.

மருந்துகள் குறித்தும் ஒரு சொல். காசநோய்க்கான ஐசோனியாசிட், லினிசோலிட் என்னும் நுண்ணுயிர்க்கொல்லி, மனச்சோர்வுக்கான சில மருந்துகள் ஆகியவற்றை உட்கொள்வோர்க்குப் பதப்படுத்திய மீன் கடுந்தலைவலியையும் படபடப்பையும் உண்டாக்கக்கூடும். மருந்தாளரிடம் முன்கூட்டியே கேளுங்கள்.

உப்புக் கட்டுப்பாடு உள்ளவருக்கென ஒரு துண்டை உப்புக் கரைசலில் இடாமல், தேசிக்காய்ச் சாறும் மிளகும் தடவி, மற்றத் துண்டுகளோடு புகையூட்டி, முற்றாக வேகவைத்து அன்றே சூடாகப் பரிமாறலாம். அது சேமிக்கத் தக்கதன்று. சுட்ட மீனைப் போன்றதே. உப்பிட்ட மீனைத்தான் விரும்புகிறார் என்றால், மருத்துவர் இசைந்தால், 20 கிராம் அளவு உதிர்த்து, உப்பிடாத தேங்காய்ச் சம்பலில் மாசிக்குப் பதிலாகக் கலந்து கொடுக்கலாம். அதில் உப்பு ஏறத்தாழ 0.6 கிராம், அதனையும் அன்றைய கணக்கில் சேர்த்துக்கொள்க.