மெதுவாக மேலே வருவதற்கு ஒரு கணக்கு



தூத்துக்குடிச் சபையொன்றைச் சேர்ந்த சகோதரி ஒருவர், கேளம்பாக்கத்தில் இருக்கும் நமக்கு எழுதியிருந்தார்கள். சங்கு குளிக்கும் தம்பிக்குக் கரையேறிய ஒரு மணி நேரத்தில் தோளும் முழங்காலும் வலிக்கிறதாம். தைலம் தேய்த்தால் போதுமா என்று கேட்டிருந்தார்கள். தைலத்தை நம்பியிராமல் உடனே டாக்டரிடம் கொண்டுபோகும்படி அவர்களுக்குப் பதில் சொல்லியாயிற்று. காரணத்தை உங்களுக்கும் விளக்க விரும்புகிறேன்.

1542-ல் பிரான்சிஸ் சவேரியார் வந்தபோதே அது முத்துக்குளிக்கும் கரை. கல்லைப் பற்றி, மூச்சை அடக்கி இறங்குகிறவர்கள் ஒரு நிமிஷ அளவில் மேலே வந்துவிடுவார்கள். (மத்தேயு 13-ல் முத்தை வாங்கிய வியாபாரி வருகிறான், அதை எடுக்கக் கடலில் இறங்கியவன் வருவதில்லை.) முத்துக்குளிப்பு 1961-க்குப் பின் நடக்கவில்லை. சங்கு குளிப்பது நிற்கவில்லை. ஆனால் படகிலுள்ள கம்ப்ரசரில் குழாய் மாட்டி, நெடுநேரம் அடியிலேயே இருக்கும் வழக்கம் வந்தது. மூச்சடக்கி இறங்கிய தகப்பனின் அனுபவம் இங்கே மகனைக் காப்பாற்றாது.

ஏனெனில் 10 மீட்டர் ஆழத்தில் அழுத்தம் இரு மடங்கு, 30 மீட்டரில் நான்கு மடங்கு. அங்கே சுவாசிக்கும் காற்றிலுள்ள நைட்ரஜன் இரத்தத்திலும் சதையிலும் கரைகிறது. சட்டென்று மேலே வந்தால், கோலி சோடாவைத் திறந்ததுபோல் குமிழிகள் கிளம்பும். மூட்டில் நின்றால் வலி. தண்டுவடத்தில் நின்றால் கால்கள் விழுந்துபோகும்.

இதற்கு முதன்முதல் ஒழுங்கான கணக்குப் போட்டவர் ஜான் ஸ்காட் ஹால்டேன். பிரிட்டிஷ் கடற்படைக்காக வெள்ளாடுகளை அழுத்த அறையில் வைத்துச் சோதித்து, 1908-ல் அட்டவணை வெளியிட்டார். வலி கண்ட ஆடு காலைத் தூக்கிக்கொள்ளும், அதுவே அடையாளம். அழுத்தத்தைப் பாதியாகக் குறைக்கும்வரை ஆடுகளுக்குத் துன்பமில்லை என்று கண்டார். ஆகவே 30 மீட்டரில் நெடுநேரம் இருந்தவன் 10 மீட்டர்வரை வந்து நிற்க வேண்டும். பிறகு படிப்படியாக ஏற வேண்டும். உடலின் எல்லாப் பகுதியும் ஒரே வேகத்தில் நைட்ரஜனை வாங்குவதுமில்லை, விடுவதுமில்லை. பாதி நிரம்ப 5, 10, 20, 40, 75 நிமிஷங்கள் ஆகும் ஐந்து பகுதிகளாக அவர் பிரித்தார். பின்னாளில் சுவிட்சர்லாந்தின் டாக்டர் பூல்மன் அவற்றைப் பதினாறாக்கினார். இன்று முக்குளிப்போர் கையில் கட்டும் சிறு கம்ப்யூட்டர்கள் பலவற்றில் ஓடுவது அவர் கணக்கே.

கணக்கு கணக்குதான், இன்ன மனிதனின் உடலை அது பார்ப்பதில்லை. குளிர், கடும் உழைப்பு, உடலில் நீர் குறைவு எல்லாம் ஆபத்தைக் கூட்டும். அட்டவணைப்படி ஏறியவர்களுக்கும் நோய் வந்ததுண்டு. கம்ப்ரசர் குழாயோடு இறங்கும் ஏழைக்கோ அட்டவணையும் இல்லை, கைக் கம்ப்யூட்டரும் இல்லை.

இந்த வலி கண்டவரைப் படுக்க வைத்து, சுத்தப் பிராணவாயு கொடுத்து, அழுத்த அறை உள்ள ஆஸ்பத்திரிக்குத் தாமதமின்றி அனுப்ப வேண்டும். வலி தீரும் என்று மறுபடி கடலில் இறக்கவே கூடாது. நம்மிடம் அந்த அறை இல்லை. உங்கள் காணிக்கையால் நிரப்பும் பிராணவாயு சிலிண்டர்கள் உண்டு. கடற்கரைச் சபைகளில் இருப்பவர்கள் ஆராதனை முடிந்ததும் இந்தப் பக்கத்தை வாசித்துக் காட்டுங்கள். வலியை மறைத்து மறுநாளும் கடலுக்குப் போகிற வாலிபர்கள் அங்கே இருக்கக்கூடும்.