கோழியை விட்டுக் கூட்டைப் பாருங்கள்

அடைக்கு உட்கார்ந்த கோழி பாதியில் முட்டையை விட்டு எழுந்துவிடுகிறதா? கொண்டை வெளுத்து, பொழுது சாய்ந்தால் கூட்டுக்குள் நுழைய அடம்பிடிக்கிறதா? பகலில் அதைப் பிடித்து இறகை விலக்கிப் பார்த்தால் பெரும்பாலும் ஒன்றும் தெரியாது. பார்க்க வேண்டியது கூட்டை. அதுவும் இருட்டிய பிறகு, டார்ச்சோடு.

கோழிகள் அடையும் கட்டையின் அடிப்புறம், ஆணி அடித்த இடுக்கு, பலகைகள் சேரும் மூலை, இங்கெல்லாம் சிவப்புச் செள் கும்பலாக ஒண்டியிருக்கும். ஒரு மில்லிமீட்டர் அளவுதான் வளரும். பூச்சி என்கிறோம், ஆனால் வளர்ந்த செள்ளுக்கு எட்டுக் கால். உண்ணிக்கும் சிலந்திக்கும் உறவு. பசியில் சாம்பல் நிறம், ரத்தம் குடித்ததும் சிவப்பு. இரவில் கோழிமேல் ஏறிக் குடித்துவிட்டு விடிவதற்குள் இடுக்குக்குத் திரும்பிவிடும். வெப்பம் ஒத்துவந்தால் முட்டையிலிருந்து முழு வளர்ச்சிக்கு ஒரு வாரம் போதும். கோழியே இல்லாத கூட்டிலும் மாதக்கணக்கில் பட்டினி கிடக்கும். கோழிக்கு மட்டும் மருந்து போட்டால் இது ஒழியாததற்குக் காரணம் இதுதான்.

கோழிப்பேன் வேறு. அது ஆயுள் முழுக்க இறகுக்குள்ளேயே வாழும். எச்சவாயைச் சுற்றி இறகின் அடியில் ஈர் கொத்தாக ஒட்டியிருக்கும்.

செள்ளை விரட்டக் கோழிகளை வெளியே விட்டு, பழைய வைக்கோலை எரித்துவிடுங்கள். கட்டைகளைக் கழற்றி, இடுக்குகளில் கொதிநீர் ஊற்றி, நல்ல வெயிலில் காயவிட்டுச் சுண்ணாம்பு அடியுங்கள். ஒரு வாரம் கழித்து இதையே மறுபடி செய்வதுதான் முக்கியம். தப்பிய முட்டைகள் அதற்குள் பொரித்திருக்கும். அடையும் கட்டை சுவரைத் தொடாமல், அதன் கால்கள் எண்ணெய்க் கிண்ணத்தில் நின்றால் செள் ஏறவும் வழியில்லை. மழை படாத மூலையில் மணலும் விறகுச் சாம்பலும் கலந்து வையுங்கள். அதில் புரண்டே கோழி தன் பேனை ஓரளவு குறைத்துக்கொள்ளும்.

பயிருக்கு அடிக்கும் பூச்சிமருந்தை மட்டும் கூட்டுப்பக்கம் கொண்டுவராதீர்கள். 2017-இல் நெதர்லாந்து, பெல்ஜியம் பண்ணைகளில் இதே செள்ளுக்கு அடித்த மருந்தில், உணவுக்கான பிராணிகளிடம் பயன்படுத்தக் கூடாத ஃபிப்ரோனில் கலந்திருந்தது. அது முட்டைக்குள்ளும் சேர்ந்தது தெரியவந்து, லட்சக்கணக்கான முட்டைகளை அழித்தார்கள். நம் வீட்டு முட்டையைத் தின்பது நம் பிள்ளைகள். மருந்து தேவைப்பட்டால் கால்நடை மருத்துவரிடமே வாங்குங்கள். எத்தனை நாளுக்கு முட்டையைத் தின்னக் கூடாது என்பதையும் அங்கேயே கேட்டுக்கொள்ளுங்கள்.