365ஆம் பிரிவும் முறைப்பாடு செய்ய முடியாதவர்களும்

தன்பாலீர்ப்பு என்றதும் "மேற்கிலிருந்து வந்தது" என்று சொல்லிவிடுகிறோம். அதைக் குற்றமாக்கிய சட்டமும் அங்கிருந்துதான் வந்தது என்பது பலருக்குத் தெரியாது. பிரித்தானியர் 1883இல் கொண்டுவந்த தண்டனைச் சட்டக்கோவையில் 365, 365அ பிரிவுகளாக அது இன்றும் இருக்கிறது. 1995இல் திருத்தியபோதும் நீக்கவில்லை. ஆண்களுக்கு மட்டும் இருந்த 365அ பிரிவைப் பெண்களுக்கும் நீட்டினார்கள்.

இச்சட்டத்தின் பாரம் நீதிமன்றத்துக்கு வெளியேதான் தெரியும். படத்தை வைத்துக்கொண்டு ஒருவன் பணம் கேட்டு மிரட்டினால், பாதிக்கப்பட்டவர் பொலிஸுக்குப் போகத் துணிவதில்லை. முறைப்பாடே தனக்கெதிரான வாக்குமூலமாகிவிடும் என்ற பயம். உம்மா வாப்பாவிடமும் வாய் திறக்க முடியாது. சிறுவயது முதல் தன்னைப் பற்றி வசையாகவே கேட்டு வளர்ந்தவர், அடி விழும்போது அது தனக்கு உரியதுதான் என்று நம்பத் தொடங்குகிறார். நீதி கேட்பதற்கு முன், தனக்கும் நீதி உண்டு என்று நம்ப வேண்டுமே!

2022இல் ரோசானா ஃபிளேமர்-கல்தேராவின் முறைப்பாட்டில், பெண்களுக்கு எதிரான பாரபட்சங்களை ஒழிப்பதற்கான ஐ.நா. குழு அவரது உரிமைகள் மீறப்பட்டதாகத் தீர்மானித்தது. பிரேம்நாத் டொலவத்த கொண்டுவந்த திருத்தச் சட்டமூலம் அரசியலமைப்புக்கு முரணானதல்ல என 2023 மே மாதம் உயர் நீதிமன்றம் கூறியது. ஆனாலும் அது நிறைவேறவில்லை.

மார்க்கத் தீர்ப்பு உலமாக்களின் துறை; நான் அதில் நுழையவில்லை. துருவித் துருவி ஆராய்வதையும் பட்டப்பெயர் சூட்டுவதையும் சூரா அல்-ஹுஜுராத் தடுக்கிறது என்பதை நாம் எல்லோரும் ஓதியிருக்கிறோம். யாரோ ஒருவருடைய பிள்ளையின் படம் நமது வாட்ஸ்அப் குழுவுக்கு வரும்போது, அதை அடுத்த குழுவுக்கு அனுப்புவது எந்தச் சட்டத்தின்படி?