ஓர் எழுத்தைத் திருப்பி வைக்கும் ஸ்கேன்எஃப்

கல்லூரி லேபில் சி படித்தவர்களுக்கு இந்தக் குழப்பம் நினைவிருக்கும். உள்ளீட்டைப் படிக்கும் ஸ்கேன்எஃப் வழியாக முதலில் வயதைக் கேட்போம், அடுத்து ஒற்றை எழுத்தில் ஆணா பெண்ணா என்று. வயதைத் தட்டி என்டரை அழுத்தியதும், இரண்டாவது கேள்விக்கு நிற்காமலே புரோகிராம் முடிந்துவிடும். "பெர்சென்ட் சி-க்கு முன்னாடி ஒரு ஸ்பேஸ் விடுடா" என்பார் சீனியர் அண்ணன். ஏன் என்று அவருக்கும் தெரியாது.

காரணம் பிறந்த இடம் நியூ ஜெர்சியின் முர்ரே ஹில். நம்மவர்கள் நிறைந்த எடிசனிலிருந்து அரை மணி நேரக் கார் பயணம். அங்கிருந்த பெல் லேப்ஸில் 1970களின் தொடக்கத்தில் டென்னிஸ் ரிச்சி உருவாக்கிய சி மொழிக்குள், கோப்பைப் படிக்கும் கட்டளை எதுவும் கிடையாது. ஃபோர்ட்ரானில் அது மொழியின் பகுதி. சி-யில் நூலகத்தின் வேலை. மைக் லெஸ்க் எழுதிய உள்ளீட்டு வெளியீட்டுத் தொகுப்பு திருத்தப்பட்டு, 1979-ல் வந்த யூனிக்ஸ் ஏழாம் பதிப்பின் ஸ்டாண்டர்ட் ஐ/ஓ நூலகமாயிற்று; ஸ்கேன்எஃப் அதன் ஒரு பகுதி.

ஒவ்வோர் எழுத்துக்கும் டிஸ்க்குக்கு ஓடுவதில்லை இந்த நூலகம். ஏழாம் பதிப்பில் 512 பைட்டுகளை மொத்தமாக அள்ளி ஒரு பஃபரில் வைத்துக்கொள்ளும். 'எண் வேண்டும்' என்றால் முன்னிருக்கும் வெற்றிடங்களைத் தள்ளிவிட்டு இலக்கங்களைப் பொறுக்கும். எண் எங்கே முடிகிறது? இலக்கமல்லாத ஒன்றைத் தொட்டுப் பார்த்தால்தான் தெரியும். தொட்டதைத் திரும்பப் பஃபரிலேயே வைத்துவிடும். அப்படி வைத்த என்டரைத்தான் அடுத்து வந்த, ஒற்றை எழுத்தைப் படிக்கும் பெர்சென்ட் சி, தனக்கான எழுத்தென்று எடுத்துக்கொண்டது. அண்ணன் சொன்ன ஸ்பேஸ் அதை விழுங்கிவிடும்.

திருப்பி வைக்க உறுதியாகக் கிடைப்பது ஒரே ஓர் எழுத்துக்கான இடம். அதனால் 100 என்பதை ஒட்டி ஆங்கிலத்தில் 'எர்க்ஸ்' என்றிருந்தால், தசம எண்ணாகப் படிப்பது தோற்கும். முதலில் வரும் 'ஈ'யை அடுக்குக்குறி என்று நம்பி உள்ளே போனபின், பின்வாங்க வழியில்லை. சி தரநிலையே இதை உதாரணமாகக் காட்டுகிறது.

கோப்பை விட்டு நினைவகத்தில் இருக்கும் சரத்தைப் படித்தால் வேறு வம்பு. ஜிடிஏ ஆன்லைன் விளையாட்டு தொடங்கும்போது 10 எம்பி தரவை, சரத்தைப் படிக்கும் எஸ்ஸ்கேன்எஃப் கொண்டு துண்டு துண்டாகப் படித்தது. ஒவ்வொரு துண்டுக்கும், மீதமுள்ள சரத்தின் நீளத்தை நூலகம் முதலிலிருந்து கடைசிவரை அளந்தது. இதையும் இன்னொரு குறையையும் 2021-ல் ஒருவர் சரிசெய்து காட்டியபோது, காத்திருக்கும் நேரம் சுமார் 70 சதவீதம் குறைந்தது.

ஸ்கேன்எஃப் ஒழுங்கான கோப்புக்குத்தான் ஏற்றது, மனிதர் தட்டுவதற்கு அல்ல. மனிதரிடம் கேட்பதானால் எஃப்கெட்ஸால் வரியை முழுதாக வாங்கிவிட்டுப் பிறகு பிரியுங்கள். எத்தனை மதிப்புகள் நிரம்பின என்று ஸ்கேன்எஃப் திருப்பித் தரும் எண்ணையும் ஒருமுறை பாருங்கள்.