மைன்கிராப்ட் கேமில் எளிது, கடினம்: எதைத் தேர்ந்தெடுப்பது, எப்படி மாற்றுவது?

புதிதாகக் கம்ப்யூட்டர் வாங்கிய வீடுகளில் சிறுவர்கள் முதலில் கேட்கும் கேம்களில் ஒன்று மைன்கிராப்ட். ஸ்வீடன் நாட்டின் மோஜாங் நிறுவனம் உருவாக்கிய இந்த கேமின் முழுமையான முதல் பதிப்பு 2011 நவம்பரில் வெளியானது. 2014-ல் மைக்ரோசாப்ட் 250 கோடி டாலர் கொடுத்து அந்த நிறுவனத்தையே வாங்கிக் கொண்டது. மரம் வெட்டி, கல் உடைத்து, வீடு கட்டி, இரவில் வரும் மான்ஸ்டர்களிடமிருந்து தப்பிப் பிழைக்க வேண்டும். இதுதான் விளையாட்டு.

கேமை இன்ஸ்டால் செய்து புதிய உலகம் ஒன்றை உருவாக்கப் போனால், முதல் திரையிலேயே இரண்டு கேள்விகள் வந்து நிற்கும். ஒன்று கேம் மோட், மற்றொன்று டிபிகல்ட்டி. பலர் இரண்டும் ஒன்றே என எண்ணிக் கொண்டு ஏதாவது ஒன்றைக் கிளிக் செய்து விடுகிறார்கள். இவற்றில் பெரும்பாலானவற்றைப் பிறகு எப்போது வேண்டுமானாலும் மாற்றலாம். ஆனால் சிலவற்றை மாற்றவே முடியாது. எது எந்த வகை என்று தெரியாமல் கிளிக் செய்தால், கோடை விடுமுறை முழுக்க உட்கார்ந்து கட்டிய கோட்டை ஒரே நொடியில் கையை விட்டுப் போகலாம். எனவே இரண்டையும் தனித்தனியே பார்ப்போம்.

கேம் மோட் வேறு, டிபிகல்ட்டி வேறு

கேம் மோட் என்பது விளையாட்டின் வகை. சர்வைவல் மோடில் எல்லாவற்றையும் நீங்களே தேடிச் சேர்க்க வேண்டும். பசி உண்டு, அடி உண்டு, சாவும் உண்டு. கிரியேட்டிவ் மோடில் எல்லாப் பொருளும் கணக்கில்லாமல் கிடைக்கும். பறக்கலாம். பசி இல்லை. மான்ஸ்டர்களின் அடியும் உங்களைப் பாதிக்காது.

டிபிகல்ட்டி என்பது அந்த உலகம் உங்களிடம் எவ்வளவு கடுமையாக நடந்து கொள்ளும் என்பதன் அளவு. பீஸ்ஃபுல், ஈஸி, நார்மல், ஹார்ட் என இதில் நான்கு நிலைகள் உள்ளன. கேமின் புரோகிராமுக்குள் இவை 0, 1, 2, 3 என்ற நான்கு எண்கள்தான். எண்ணை மாற்றினால், அடுத்த நொடி முதல் கேம் புதிய எண்ணை வைத்துக் கணக்குப் போடுகிறது. அதனால்தான் விளையாட்டின் நடுவிலும் இதை மாற்ற முடிகிறது. நீங்கள் கட்டிய வீடு, சேர்த்த பொருள், வளர்த்த ஆடு மாடு எதற்கும் இதனால் பாதிப்பு வராது.

நான்கு நிலைகளில் என்ன வேறுபாடு?

திரையின் கீழே பத்து இதயங்களும் பத்து கோழிக்கால்களும் தெரியும். இதயங்கள் உயிர், கோழிக்கால்கள் பசி. ஒரு இதயம் இரண்டு புள்ளிகள். ஆக, உங்கள் உயிர் மொத்தம் 20 புள்ளிகள். இதை நினைவில் வைத்துக் கொண்டு கீழே உள்ளவற்றைப் படியுங்கள்.

1. பீஸ்ஃபுல்: ஜாம்பி, எலும்புக்கூடு, கிரீப்பர் போன்ற மான்ஸ்டர்கள் வராது. பசி குறையாது. இழந்த இதயங்கள் தானாக வேகமாக நிரம்பும். இங்கே சாவே இல்லை என்று மட்டும் எண்ண வேண்டாம். உயரத்திலிருந்து விழுந்தாலும், தீக்குழம்பில் இறங்கினாலும், தண்ணீருக்குள் மூச்சு முட்டினாலும் உயிர் போகும்.

2. ஈஸி: மான்ஸ்டர்கள் வரும், அடி குறைவு. சாப்பிடாமல் இருந்தால் உயிர் பாதியாக, அதாவது ஐந்து இதயங்களாகக் குறையும். அதற்குக் கீழே பசியால் இறங்காது. குகைச் சிலந்தி கடித்தாலும் விஷம் ஏறாது.

3. நார்மல்: ஜாவா பதிப்பில் புதிய உலகம் தொடங்கும்போது இதுதான் தயாராக இருக்கும். பட்டினி கிடந்தால் அரை இதயம் மட்டுமே மிஞ்சும். குகைச் சிலந்தியின் விஷம் 7 விநாடிகள் நீடிக்கும். கிராமத்து மனிதரை ஜாம்பி கொன்றால், அவரும் ஜாம்பியாக மாற பாதிக்குப் பாதி வாய்ப்பு உண்டு.

4. ஹார்ட்: பட்டினி கிடந்தால் உயிரே போகும். சிலந்தி விஷம் 15 விநாடிகள் நீடிக்கும். ஜாம்பி கொன்ற கிராமத்தார் அனைவரும் ஜாம்பியாக மாறுவர். ஜாம்பிகள் மரக் கதவை உடைத்துக் கொண்டு உள்ளே வரலாம். இரும்புக் கதவை அவற்றால் உடைக்க முடியாது.

அடியின் கணக்கு

ஒவ்வொரு நிலையிலும் அடி எப்படிக் கூடுகிறது, குறைகிறது என்பதையும் பார்த்து விடலாம். ஜாவா பதிப்பில், நார்மல் நிலையில் விழும் அடிதான் அடிப்படை. ஹார்டில் அது ஒன்றரை மடங்காகும். ஈஸியில் அடியைப் பாதியாக்கி அதனுடன் 1 கூட்டப்படும்.

வெறுங்கையோடு வரும் ஜாம்பியின் அடி நார்மலில் 3 புள்ளி. ஹார்டில் 4.5, ஈஸியில் 2.5. இது பெரிய வித்தியாசமாகத் தெரியாது. ஆனால் பச்சை நிறத்தில் சத்தமில்லாமல் பின்னால் வந்து வெடிக்கும் கிரீப்பரைப் பாருங்கள். மிக நெருக்கத்தில் வெடித்தால் நார்மலில் 43 புள்ளி, ஹார்டில் 64.5, ஈஸியில் 22.5. உங்கள் மொத்த உயிரே 20 புள்ளிதான். எனவே கவசம் இல்லாதவருக்கு ஈஸியிலும் இது சாவுதான். ‘ஈஸியில்தானே விளையாடுகிறான், பிறகு ஏன் செத்துக் கொண்டே இருக்கிறான்?’ என்று வீட்டில் யாராவது கேட்டால் இந்தக் கணக்கைச் சொல்லுங்கள்.

இன்னொரு கணக்கும் மறைவாக ஓடுகிறது. ஒரே பகுதியில் நீண்ட நேரம் இருந்து விளையாடினால் அந்தப் பகுதியின் கடுமை மெல்ல மெல்லக் கூடும். முழு நிலவு நாளிலும் கூடும். ஜாவா பதிப்பில் இந்தக் கடுமையின் எண் ஈஸியில் 0.75 முதல் 1.5 வரையும், நார்மலில் 1.5 முதல் 4 வரையும், ஹார்டில் 2.25 முதல் 6.75 வரையும் செல்லும். முதல் வாரம் சாதாரணமாக வந்த ஜாம்பி, சில வாரங்கள் கழித்துக் கவசம் அணிந்து வருவதற்கு இதுவே காரணம். ஈஸியில் இந்த எண் எவ்வளவு கூடினாலும் பெரிய விளைவு இருக்காது.

டிபிகல்ட்டியை மாற்றும் வழி

2022 ஜூன் முதல் கம்ப்யூட்டருக்கான மைன்கிராப்ட், ஜாவா, பெட்ராக் ஆகிய இரண்டு பதிப்புகளும் சேர்ந்தே விற்கப்படுகிறது. எந்தப் பதிப்பைத் திறந்திருக்கிறீர்கள் என்று முதலில் பார்த்துக் கொள்ளவும்.

ஜாவா பதிப்பில்: விளையாடிக் கொண்டிருக்கும்போது எஸ்கேப் கீயை அழுத்தவும். கிடைக்கும் மெனுவில் ஆப்ஷன்ஸ் என்பதில் கிளிக் செய்திடவும். அங்கே டிபிகல்ட்டி என்ற பட்டன் இருக்கும். பதிப்பைப் பொறுத்து அது இருக்கும் இடம் சற்று மாறலாம். அதில் ஒவ்வொரு முறை கிளிக் செய்யும்போதும் அடுத்த நிலை வரும்.

பெட்ராக் பதிப்பில்: எஸ்கேப் கீ அழுத்தி, செட்டிங்ஸ் சென்று, கேம் என்ற பிரிவைத் திறக்கவும். டிபிகல்ட்டி என்ற இடத்தில் வேண்டியதைத் தேர்ந்தெடுக்கவும்.

பீஸ்ஃபுல் நிலைக்கு மாற்றிய உடனேயே சுற்றி நிற்கும் மான்ஸ்டர்கள் மறைந்து விடும். இது ஆபத்து நேரத்தில் மிகவும் உதவும். தொலைவில் ஒரு குகையில் செத்து விட்டால், கையிலிருந்த பொருட்கள் எல்லாம் அங்கேயே சிதறிக் கிடக்கும். நீங்கள் அந்தப் பகுதிக்கு அருகில் இருக்கும் நேரத்தில் 5 நிமிடம் கழிந்தால் அவை மறைந்து விடும். அதற்குள் எடுத்தாக வேண்டும். உயிர் பெற்று எழுந்ததும் பீஸ்ஃபுல் நிலைக்கு மாற்றுங்கள். ஓடிச் சென்று பொருட்களை எடுத்துக் கொண்டு வீடு திரும்பியபின் பழைய நிலைக்கு வாருங்கள். கேமே தந்திருக்கும் வசதிதான் இது. பயன்படுத்தத் தயங்க வேண்டாம்.

நண்பர் நடத்தும் உலகில் சேர்ந்து விளையாடினால், எல்லாருக்கும் ஒரே நிலைதான். அதை மாற்றும் உரிமை அந்த உலகை நடத்துபவரிடம் இருக்கும்.

திரும்ப வழியில்லாத மூன்று கிளிக்குகள்

வீட்டில் உள்ள எல்லாரும் தெரிந்து வைத்துக் கொள்ள வேண்டிய பகுதி இது.

முதலாவது, ஹார்ட்கோர். இதில் டிபிகல்ட்டி ஹார்ட் நிலையிலேயே நிற்கும், குறைக்க முடியாது. ஒரு முறை செத்தால் அந்த உலகில் மீண்டும் உயிர் பெற முடியாது. ஜாவா பதிப்பில், நீங்கள் கட்டியதைச் சுற்றிப் பார்க்க மட்டும் அனுமதி கிடைக்கும். எதையும் தொட முடியாது. பெட்ராக் பதிப்பில் இந்த மோட் 2024-ல் வந்து சேர்ந்தது.

இதில் ஒரு சிக்கல் இருக்கிறது. ஜாவா பதிப்பில் கேம் மோட் பட்டனைக் கிளிக் செய்தால் சர்வைவல், ஹார்ட்கோர், கிரியேட்டிவ் என்ற வரிசையில் மாறும். கிரியேட்டிவ் மோடைத் தேடிப் போகும் சிறுவன் ஒரு கிளிக் குறைத்துச் செய்தால் ஹார்ட்கோரில் போய் நிற்பான். உலகத்தை உருவாக்கும் பட்டனை அழுத்தும் முன், மோட் என்ன என்று ஒரு முறை வாய்விட்டுப் படிக்கச் சொல்லுங்கள். விளையாடத் தொடங்கிய பிறகும் கண்டுபிடிக்கலாம். ஹார்ட்கோரில் இதயங்களின் தோற்றம் வேறாக இருக்கும். முதல் நாளே பார்த்துவிட்டால் வேறு உலகம் தொடங்கிக் கொள்ளலாம்.

இரண்டாவது, பூட்டு. ஜாவா பதிப்பில் டிபிகல்ட்டி பட்டனுக்குப் பக்கத்தில் சிறிய பூட்டுப் படம் இருக்கும். அதைக் கிளிக் செய்து உறுதி செய்து விட்டால், அந்த உலகில் டிபிகல்ட்டி பட்டன் அதன்பின் இயங்காது. பூட்டைத் திறக்க பட்டன் எதுவும் தரப்படவில்லை. எனவே அதைத் தொடாமல் இருப்பதே நல்லது.

மூன்றாவது, பெட்ராக் பதிப்பில் கிரியேட்டிவ் மோடுக்கு மாறுவது அல்லது சீட்ஸ் வசதியை ஆன் செய்வது. இதனால் உலகம் அழியாது. ஆனால் அந்த உலகில் இனி சாதனைப் பதக்கங்கள் கிடைக்காது. மீண்டும் சர்வைவல் மோடுக்குத் திரும்பினாலும் கிடைக்காது. மாற்றும் முன் கேம் ஒரு எச்சரிக்கை காட்டும். அதைப் படிக்காமல் ஓகே கொடுக்க வேண்டாம். டிபிகல்ட்டியை மாற்றுவதற்கு சீட்ஸ் தேவையே இல்லை என்பதையும் நினைவில் கொள்ளவும்.

முதலில் பேக்கப் எடுங்கள்

எந்தப் பெரிய மாற்றத்திற்கும் முன் உலகத்தை ஒரு காப்பி எடுத்து வைத்துக் கொள்வது நல்லது. ஜாவா பதிப்பில் உலகங்களின் பட்டியலில் உங்கள் உலகத்தைத் தேர்ந்தெடுத்து எடிட் என்பதில் கிளிக் செய்திடவும். அங்கே பேக்கப் எடுப்பதற்கான பட்டன் இருக்கும். பெட்ராக் பதிப்பில் உலகத்தின் பெயருக்கு அருகில் உள்ள பென்சில் படத்தில் கிளிக் செய்தால், காப்பி எடுக்கும் வசதி கிடைக்கும். ஒரு நிமிட வேலை, பல வார உழைப்பைக் காப்பாற்றும்.

எந்த நிலையில் தொடங்கலாம்?

மவுஸையும் கீபோர்டையும் ஒன்றாகப் பயன்படுத்திப் பழகாதவர்கள் பீஸ்ஃபுல் நிலையில் தொடங்கலாம். நடப்பது, வெட்டுவது, வீடு கட்டுவது எல்லாம் கைக்கு வந்த பின் ஈஸிக்கு மாறலாம். கேமில் முழு நாள் என்பது 20 நிமிடம். அதில் இரவு வருமுன் வீடு திரும்பும் பழக்கம் வந்து, இரும்புக் கவசமும் கேடயமும் செய்து கொண்ட பிறகு நார்மல் நிலைக்குச் செல்லலாம். ஒன்பது கோழிக்காலாவது நிறைந்திருந்தால் இதயம் தானாக நிரம்பும் என்பதால், உணவுக்கு ஒரு வயல் போட்டு வைத்துக் கொள்வதும் அவசியம். இரவில் வெளியே போய் உயிரோடு திரும்புவது வழக்கமாகி, விளையாட்டு அலுக்கத் தொடங்கினால் ஹார்ட் நிலையை முயற்சி செய்யுங்கள்.

பீஸ்ஃபுல் நிலையிலேயே கடைசி வரை இருக்கவும் முடியாது. எண்ட் என்னும் இறுதி உலகிற்குச் செல்ல பிளேஸ் ராடு என்ற பொருள் தேவை. அதைத் தரும் மான்ஸ்டர் பீஸ்ஃபுல் நிலையில் வராது. ஆகவே அங்கே போக விரும்பினால், சிறிது காலமாவது ஈஸி நிலைக்கு வந்தாக வேண்டும்.

மற்ற கேம்களிலும் இதே எச்சரிக்கை தேவை. கடலுக்கடியில் நடக்கும் சப்னாட்டிகா கேமில் சர்வைவல், பசி தாகம் இல்லாத ஃப்ரீடம், ஒரே உயிர் தரும் ஹார்ட்கோர், கிரியேட்டிவ் என நான்கு வகைகளைத் தொடக்கத்திலேயே கேட்பார்கள். ஒவ்வொன்றின் கீழும் இருக்கும் விளக்கத்தைப் படித்த பின்னரே தொடங்கவும்.

அண்ணன் ஹார்டில் ஆடுகிறான் என்பதற்காகத் தம்பியும் ஹார்டில் ஆட வேண்டியதில்லை. சேர்ந்து விளையாடும்போது ஈஸியில் வைத்துக் கொண்டு, தனியாக விளையாடும்போது வேண்டிய நிலைக்கு மாறிக் கொள்ளலாம். டிபிகல்ட்டி பட்டன் மாற்றுவதற்காகவே தரப்பட்டிருக்கிறது. மேலே சொன்ன மூன்று இடங்களில் மட்டும் கையை நிறுத்தி, படித்துப் பார்த்துக் கிளிக் செய்யுங்கள்.