வீட்டுக் கடனின் நெடுங்காலச் செலவு

வீட்டுக் கடனின் நெடுங்காலச் செலவு என்பது, வீடு வாங்குவதற்கோ கட்டுவதற்கோ பெறப்பட்ட கடன் முழுமையாகத் தீரும் வரை கடன் பெற்றவர் செலுத்தும் வட்டி, கட்டணங்கள், காப்புறுதித் தொகை முதலியவற்றின் கூட்டுத்தொகை ஆகும். கடன் பெறுவோர் பெரும்பாலும் மாதத் தவணை தமது வருமானத்திற்குள் அடங்குகிறதா என்பதையே பார்க்கின்றனர். ஆனால், கடனின் மொத்தச் செலவைத் தீர்மானிப்பது தவணைத் தொகை மட்டும் அல்ல. அசல் எவ்வளவு காலம் நிலுவையில் நிற்கிறது என்பதே அதில் முதன்மையான காரணி ஆகும்.

எடுத்துக்காட்டாக, 30 இலட்சம் ரூபாயை ஆண்டுக்கு 9% வட்டியில் 20 ஆண்டுகளுக்குக் கடனாகப் பெறும் ஒருவர் மொத்தமாக ஏறத்தாழ 64.78 இலட்சம் ரூபாய் செலுத்துகிறார். இதில் 34.78 இலட்சம் ரூபாய் வட்டி ஆகும். இக்கட்டுரை இந்தியாவில் வழங்கப்படும் வீட்டுக் கடன்களை அடிப்படையாகக் கொண்டு இச்செலவு எவ்வாறு உருவாகிறது என்பதை விளக்குகிறது.

அடமானம்

வீட்டுக் கடனுக்கு வாங்கப்படும் வீடே பொதுவாக ஈடாக அமைகிறது. இந்தியாவில் அடமானங்கள் 1882ஆம் ஆண்டின் சொத்து மாற்றுச் சட்டத்தால் நெறிப்படுத்தப்படுகின்றன. வீட்டின் மூலப் பத்திரங்களைக் கடன் கொடுப்பவரிடம் ஒப்படைப்பதன் மூலம் ஏற்படுத்தப்படும் அடமானமே வீட்டுக் கடன்களில் பரவலாக உள்ளது. இது அச்சட்டத்தின் 58ஆவது பிரிவில் கூறப்பட்டுள்ளது.

தவணை 90 நாட்களுக்கு மேல் நிலுவையில் இருந்தால் கடன் வாராக்கடனாக வகைப்படுத்தப்படும். அதன் பின்னர், சர்பேசி எனப்படும் 2002ஆம் ஆண்டுச் சட்டத்தின்படி 60 நாள் அறிவிப்பு கொடுத்து, நீதிமன்றத் தீர்ப்பு இல்லாமலேயே வீட்டைக் கையகப்படுத்தி விற்கும் நடவடிக்கையை வங்கி மேற்கொள்ள இயலும். எனவே, தாங்க இயலாத தவணையின் விளைவு வட்டி இழப்போடு நிற்பதில்லை. வீட்டையே இழக்க நேரிடலாம்.

மாதத் தவணையைக் கணக்கிடும் முறை

கடன் காலம் முழுவதும் ஒரே அளவில் செலுத்தப்படும் மாதத் தவணை, வழக்கில் இ.எம்.ஐ. எனப்படுகிறது. அதற்கான வாய்பாடு பின்வருமாறு:

த = அ × வ × (1 + வ)^ந ÷ [(1 + வ)^ந − 1]

இங்கு,
- த என்பது மாதத் தவணை
- அ என்பது அசல்
- வ என்பது மாத வட்டி வீதம் (ஆண்டு வட்டி வீதத்தை 12 ஆல் வகுத்துப் பெறுவது)
- ந என்பது மொத்த மாதங்களின் எண்ணிக்கை

மேற்கூறிய எடுத்துக்காட்டில் அ = 30,00,000; வ = 0.0075; ந = 240. இவற்றை இட்டால் த = 26,992 ரூபாய் எனக் கிடைக்கும்.

முதல் மாதத்தில் 30 இலட்சத்துக்கான வட்டி 22,500 ரூபாய். எனவே முதல் தவணையில் 4,492 ரூபாய் மட்டுமே அசலுக்குச் செல்கிறது. அடுத்த மாதம் நிலுவை சிறிது குறைவதால் வட்டியும் சிறிது குறைகிறது. அந்த அளவுக்கு அசலுக்குச் செல்லும் பங்கு கூடுகிறது. தவணையில் அசலின் பங்கு வட்டியின் பங்கை முதன்முதலில் மிஞ்சுவது 149ஆவது மாதத்தில் ஆகும். அதாவது, 12 ஆண்டுகளும் 4 மாதங்களும் கடந்த பின்னரே அந்நிலை ஏற்படுகிறது.

பின்வரும் அட்டவணை இதனை ஐந்தாண்டுப் பகுதிகளாகக் காட்டுகிறது (தொகைகள் இலட்சம் ரூபாயில், முழுமையாக்கப்பட்டவை).

| காலம் | செலுத்திய தொகை | வட்டி | அசல் | இறுதியில் நிலுவை |
|---|---|---|---|---|
| 1–5 ஆண்டுகள் | 16.20 | 12.81 | 3.39 | 26.61 |
| 6–10 ஆண்டுகள் | 16.20 | 10.89 | 5.30 | 21.31 |
| 11–15 ஆண்டுகள் | 16.20 | 7.89 | 8.30 | 13.00 |
| 16–20 ஆண்டுகள் | 16.20 | 3.19 | 13.00 | 0 |

பாதிக் காலம் முடியும்போது கடன் பாதியாகக் குறைந்திருக்கும் என்று கருதுவது தவறு. பத்தாண்டுகளில் 32.39 இலட்சம் ரூபாய், அதாவது வாங்கிய கடனை விட அதிகமான தொகை செலுத்தப்பட்ட பின்னரும் 21.31 இலட்சம் ரூபாய் நிலுவையில் உள்ளது. பத்தாண்டுகளுக்குள் வீட்டை விற்க நேரும் ஒருவருக்கு இவ்வுண்மை பெரும் அதிர்ச்சியாக அமையலாம்.

கடன் காலத்தின் தாக்கம்

30 இலட்சம் ரூபாய்க் கடனுக்கு, 9% வட்டியில், கடன் காலத்தைப் பொறுத்துச் செலவு மாறும் விதம்:

| கடன் காலம் | மாதத் தவணை (ரூபாய்) | மொத்த வட்டி (இலட்சம் ரூபாய்) |
|---|---|---|
| 10 ஆண்டுகள் | 38,003 | 15.60 |
| 15 ஆண்டுகள் | 30,428 | 24.77 |
| 20 ஆண்டுகள் | 26,992 | 34.78 |
| 25 ஆண்டுகள் | 25,176 | 45.53 |
| 30 ஆண்டுகள் | 24,139 | 56.90 |

காலத்தை 20 ஆண்டுகளிலிருந்து 30 ஆண்டுகளாக நீட்டித்தால் தவணை 2,853 ரூபாய் மட்டுமே குறைகிறது. வட்டியோ 22 இலட்சம் ரூபாய்க்கு மேல் கூடுகிறது. தவணை ஒருபோதும் முதல் மாத வட்டியான 22,500 ரூபாய்க்குக் கீழே செல்ல இயலாது என்பதே இதற்குக் காரணம். காலம் நீள நீளத் தவணை அந்த எல்லையை நெருங்குகிறது. அசலுக்குச் செல்லும் பங்கு சுருங்குகிறது.

வட்டியைக் கணக்கிடும் அடிப்படை

ஒரே வட்டி வீதம் குறிப்பிடப்பட்டாலும், கணக்கிடும் முறை மாறினால் செலவும் மாறும்.

மாதந்தோறும் குறையும் நிலுவை முறை: ஒவ்வொரு மாதமும் எஞ்சியுள்ள நிலுவைக்கு மட்டும் வட்டி கணக்கிடப்படுகிறது. மேலுள்ள அட்டவணைகள் இம்முறையைச் சார்ந்தவை.

ஆண்டுதோறும் குறையும் நிலுவை முறை: ஆண்டு முழுவதும் செலுத்திய அசல், ஆண்டு இறுதியில் மட்டுமே நிலுவையிலிருந்து கழிக்கப்படுகிறது. இம்முறை இந்தியாவில் முன்பு வழக்கில் இருந்தது. இதன்படி மேற்கண்ட 20 ஆண்டுக் கடனின் தவணை 27,387 ரூபாய் ஆகும். 20 ஆண்டுகளில் ஏறத்தாழ 95,000 ரூபாய் கூடுதலாகச் செலவாகும்.

நிலையான அசல் மீதான வட்டி முறை: அசல் குறைந்து வந்தாலும் முதலில் பெற்ற முழுத் தொகைக்கே வட்டி கணக்கிடப்படுகிறது. 30 இலட்சம் ரூபாய்க்கு 9% வீதம் பத்தாண்டு வட்டி இம்முறையில் 27 இலட்சம் ரூபாய். குறையும் நிலுவை முறையில் 15.60 இலட்சம் ரூபாய் மட்டுமே.

மாறும் வட்டி வீதம்

வீட்டுக் கடன்கள் நிலையான வட்டியிலும் மாறும் வட்டியிலும் வழங்கப்படுகின்றன. மாறும் வட்டியில் வங்கிகள் ஓர் அடிப்படை வீதத்தின் மீது தமது பங்கைச் சேர்த்து வட்டியை நிர்ணயிக்கின்றன. இந்திய ரிசர்வ் வங்கி இந்த அடிப்படை வீதத்தைப் பலமுறை மாற்றியமைத்துள்ளது. 2010 சூலையில் அடிப்படை விகித முறையும், 2016 ஏப்ரலில் நிதித்திரட்டுச் செலவைச் சார்ந்த எம்.சி.எல்.ஆர். முறையும் நடைமுறைக்கு வந்தன. 2019 அக்டோபர் 1 முதல், வங்கிகள் வழங்கும் மாறும் வட்டியிலான புதிய வீட்டுக் கடன்கள் ரெப்போ விகிதம் போன்ற புற அளவுகோல் ஒன்றுடன் இணைக்கப்பட்டன. ரெப்போ விகிதம் என்பது ரிசர்வ் வங்கி பிற வங்கிகளுக்குக் குறுகிய காலக் கடன் அளிக்கும் வட்டி வீதம் ஆகும்.

வட்டி உயரும்போது தவணையைக் கூட்டலாம், அல்லது தவணையை மாற்றாமல் காலத்தை நீட்டிக்கலாம். எடுத்துக்காட்டுக் கடனின் வட்டி தொடக்கத்திலேயே 9% இலிருந்து 10% ஆக உயர்வதாகக் கொள்வோம்.

- தவணையை 28,951 ரூபாயாக உயர்த்தினால் கூடுதல் செலவு 4.70 இலட்சம் ரூபாய்.
- தவணையை 26,992 ரூபாயாகவே வைத்திருந்தால் கடன் தீர 26 ஆண்டுகளுக்கு மேல் ஆகும். கூடுதல் செலவு ஏறத்தாழ 20 இலட்சம் ரூபாய்.

2022 மே முதல் 2023 பெப்ரவரி வரை ரிசர்வ் வங்கி ரெப்போ விகிதத்தை 4% இலிருந்து 6.5% ஆக உயர்த்தியது. 7% வட்டியில் 20 ஆண்டுகளுக்கு 30 இலட்சம் ரூபாய் பெற்றவரின் தவணை 23,259 ரூபாய். ஓராண்டுக்குப் பின் அவரது நிலுவை 29.29 இலட்சம் ரூபாய். அப்போது வட்டி 9.5% ஆகியிருந்தால் மாத வட்டி மட்டும் 23,185 ரூபாய். தவணை மாறாவிட்டால் அசலுக்குச் செல்வது 74 ரூபாயே; அந்நிலையில் கடன் தீர 60 ஆண்டுகளுக்கு மேல் ஆகும். நிலுவை இதை விடச் சற்று அதிகமாக இருந்தால் தவணை வட்டிக்கே போதாமல், கடன் குறைவதற்குப் பதிலாக வளரும்.

2023 ஆகத்தில் ரிசர்வ் வங்கி இது குறித்து அறிவுறுத்தல்களை வெளியிட்டது. அவற்றின்படி, வட்டி மாற்றியமைக்கப்படும்போது தவணையைக் கூட்டுவதா, காலத்தை நீட்டிப்பதா, அல்லது இரண்டையும் சேர்த்து மாற்றுவதா என்ற தெரிவும், நிலையான வட்டிக்கு மாறும் தெரிவும் கடன் பெற்றவருக்கு அளிக்கப்பட வேண்டும். காலத்தை நீட்டிப்பதால் கடன் வளரும் நிலை ஏற்படக்கூடாது என்றும் கூறப்பட்டது. 2025 பெப்ரவரி முதல் சூன் வரை ரெப்போ விகிதம் 6.5% இலிருந்து 5.5% ஆகக் குறைக்கப்பட்டது. இவ்வாறு வட்டி குறையும்போது தவணையைக் குறைக்காமல் காலத்தைக் குறைத்துக்கொள்வது மொத்தச் செலவைக் குறைக்கும்.

பிற செலவுகள்

வட்டியைத் தவிரப் பின்வரும் செலவுகளும் உள்ளன:

- விண்ணப்பப் பரிசீலனைக் கட்டணம்
- வழக்கறிஞரின் சட்டக் கருத்து, வில்லங்கச் சான்று, சொத்து மதிப்பீடு ஆகியவற்றுக்கான கட்டணங்கள்
- அடமானத்துக்கான முத்திரைத் தீர்வை, பதிவுக் கட்டணம்
- வீட்டுக் காப்புறுதி, கடன் பெற்றவரின் ஆயுள் காப்புறுதி

காப்புறுதித் தொகையைக் கடனோடு சேர்த்துவிடும் வழக்கமும் உண்டு. அவ்வாறு சேர்க்கப்படும் 1 இலட்சம் ரூபாய், 9% வட்டியில் 20 ஆண்டுகளில் 2.16 இலட்சம் ரூபாயாகச் செலுத்தப்படுகிறது.

இக்கட்டணங்களையும் உள்ளடக்கிய ஆண்டுச் செலவு வீதத்தைக் காட்டும் முதன்மைத் தகவல் அறிக்கை ஒன்றைச் சில்லறைக் கடன் பெறுவோருக்குக் கொடுக்க வேண்டும் என 2024 ஏப்ரலில் ரிசர்வ் வங்கி அறிவித்தது. 2024 அக்டோபர் 1 முதல் வழங்கப்படும் புதிய கடன்களுக்கு இது பொருந்தும். இரு வங்கிகளின் கடன்களை ஒப்பிட, விளம்பரத்தில் உள்ள வட்டி வீதத்தை விட இந்த வீதமே ஏற்றது.

முன்கூட்டிச் செலுத்துதல்

தவணைக்கு மேல் செலுத்தப்படும் தொகை முழுவதும் அசலைக் குறைப்பதால், பின்வரும் எல்லா மாதங்களின் வட்டியும் குறைகிறது. எடுத்துக்காட்டுக் கடனில், தவணையை மாற்றாமல், முதலாம் ஆண்டின் இறுதியில் 1 இலட்சம் ரூபாய் கூடுதலாகச் செலுத்தினால் ஏறத்தாழ 4.13 இலட்சம் ரூபாய் வட்டி மிச்சமாகும். அதே தொகையைப் பதினைந்தாம் ஆண்டின் இறுதியில் செலுத்தினால் மிச்சமாவது ஏறத்தாழ 54,000 ரூபாயே.

ஆண்டுக்கு ஒரு தவணை கூடுதலாகச் செலுத்தி வந்தால் கடன் ஏறத்தாழ 16 ஆண்டுகள் 7 மாதங்களில் தீரும். வட்டியில் ஏறத்தாழ 7 இலட்சம் ரூபாய் குறையும். மாறும் வட்டியிலான வீட்டுக் கடனை முன்கூட்டித் தீர்ப்பதற்கு வங்கிகள் அபராதக் கட்டணம் வாங்குவதை ரிசர்வ் வங்கி 2012இல் தடைசெய்தது.

கடனை வேறு வங்கிக்கு மாற்றுதல்

குறைந்த வட்டிக்காகக் கடனை மாற்றும்போது காலத்தையும் கவனிக்க வேண்டும். ஐந்து ஆண்டுகளுக்குப் பின் எஞ்சிய 26.61 இலட்சம் ரூபாயை 8.5% வட்டியில் மீண்டும் 20 ஆண்டுகளுக்கு மாற்றினால் தவணை 23,095 ரூபாயாகக் குறையும். ஆனால், பழைய கடனில் இனிச் செலுத்த வேண்டியிருந்தது 48.59 இலட்சம் ரூபாய். புதிய கடனில் செலுத்துவது 55.43 இலட்சம் ரூபாய். வட்டி வீதம் குறைந்தும் செலவு 6.84 இலட்சம் ரூபாய் கூடுகிறது. எஞ்சிய 15 ஆண்டுகளுக்கே மாற்றினால்தான் வட்டிக் குறைப்பின் பயன் முழுமையாகக் கிடைக்கும்.

பணவீக்கமும் வரிச் சலுகையும்

செலுத்தும் தொகைகளை வெறுமனே கூட்டுவது செலவை மிகைப்படுத்திக் காட்டும் என்பதும் கருதத்தக்கது. இருபதாம் ஆண்டில் செலுத்தும் 26,992 ரூபாயின் வாங்கும் திறன் இன்றைய 26,992 ரூபாயை விடக் குறைவு. பணவீக்கம் ஆண்டுக்கு 5% எனக் கொண்டால், 64.78 இலட்சம் ரூபாயின் இன்றைய மதிப்பு ஏறத்தாழ 40.90 இலட்சம் ரூபாய் ஆகும். அதாவது, இன்றைய மதிப்பில் கடனின் உண்மைச் செலவு ஏறத்தாழ 11 இலட்சம் ரூபாய். எனினும், கடன் பெற்றவரின் வருமானம் பணவீக்கத்திற்கு ஈடாக உயர்ந்தால் மட்டுமே சுமை இவ்வாறு குறையும். வீட்டு வாடகை மிச்சமாவதையும் கணக்கில் கொள்ள வேண்டும்.

பழைய வருமான வரி முறையில், தாமே குடியிருக்கும் வீட்டின் கடன் வட்டியில் ஆண்டுக்கு 2 இலட்சம் ரூபாய் வரை வருமானத்திலிருந்து கழிக்கலாம். 2020இல் அறிமுகமான புதிய வரி முறையில் அத்தகைய வீட்டுக்கு இச்சலுகை இல்லை. சலுகை கிடைக்கும்போதும் வரியாக மிச்சமாவது வட்டியின் ஒரு பகுதியே. வரிச் சலுகைக்காக மட்டும் கடனைத் தொடர்வது செலவைக் குறைக்காது.

கடன் தீர்ந்த பின்

கடன் முழுமையாகத் தீர்ந்தபின் மூலப் பத்திரங்களைத் திரும்பப் பெறுவதும் அடமானப் பதிவை நீக்குவதும் இன்றியமையாதவை. 2023 திசம்பர் 1 முதல், கடன் தீர்ந்த 30 நாட்களுக்குள் பத்திரங்களைத் திருப்பித் தர வேண்டும். கடன் கொடுத்தவரால் தாமதம் ஏற்பட்டால் நாளொன்றுக்கு 5,000 ரூபாய் இழப்பீடு வழங்க வேண்டும் என்பது ரிசர்வ் வங்கியின் விதி.

இவற்றையும் பார்க்க

- கூட்டு வட்டி
- அடமானம்
- பணவீக்கம்
- இந்திய ரிசர்வ் வங்கி
- ரெப்போ விகிதம்