பகடையும் பாதாளமும் – 9: ஒண்டிக்கு ஐந்து பேர்

டஞ்சன்ஸ் அண்ட் டிராகன்ஸ் ஆட்டத்தின் ஐந்தாம் பதிப்பில், அதன் 2014 புத்தகப்படி, வளர்ந்த சிவப்பு டிராகன் ஒன்றின் உயிர்ப்புள்ளி 256. அது ஒருமுறை வாயைத் திறந்து நெருப்பைக் கக்கினால் ஆறுமுகப் பகடைகள் 18ஐ உருட்டிக் கூட்ட வேண்டும். சராசரியாக 63 புள்ளி சேதம். தாளில் படிக்கும்போதே வயிற்றைக் கலக்கும். மாதக்கணக்கில் வாராவாரம் கூடி விளையாடிய ஐந்து பேர் கடைசியில் இதன் குகைக்குள் நுழைகிறார்கள். கொஞ்ச நேரத்தில் டிராகன் செத்துக் கிடக்கிறது. யாருக்கும் பெரிய காயமில்லை. இத்தனை நாள் கதையை நடத்தி வந்த டஞ்சன் மாஸ்டரின் (டி.எம்.) முகத்தில் ஈயாடவில்லை. உலகம் முழுக்கப் புதிய டி.எம்.கள் தவறாமல் இந்தக் கட்டத்துக்கு வந்து சேருகிறார்கள்.

என்ன நடந்தது என்பதற்குச் சாதாரணக் கூட்டல் கணக்கே போதும். ஐந்தாம் பதிப்பில் ஒரு சுற்று என்பது கதைக்குள் ஆறு விநாடி. சுற்றுக்கு ஆளுக்கு ஒரு முறை. டி.எம். மற்ற விதிகளையெல்லாம் மறந்துவிட்டு டிராகனை அதன் சொந்த முறையில் மட்டும் ஆட விட்டால், எதிரே ஐந்து முறை, இந்தப் பக்கம் ஒன்று. ஆளுக்கு 30 புள்ளி சேதம் என்று வைத்தால்கூட சுற்றுக்கு 150. இரண்டாவது சுற்று முடிவதற்குள் 256 தீர்ந்துவிடும். நூறு வயதைத் தாண்டிய டிராகன் 12 விநாடியில் காலி! கபடியில் தனியாளாகப் பாடிப்போகிறவருக்காவது திரும்பி ஓடிவர ஒரு கோடு உண்டு. குகைக்குள் கிடக்கும் டிராகனுக்கு அதுவும் இல்லை.

ஆட்டக்காரர்கள் இதை ‘ஆக்‌ஷன் எகானமி’ என்பார்கள். யாருக்கு அதிக முறை வாய்க்கிறதோ அவர் பக்கம் தராசு சாயும். பாஸ் எனப்படும் கடைசிப் பெரிய எதிரியுடனான சண்டை சப்பென்று போவதற்கு முதல் காரணம், பாஸின் பலம் குறைவு என்பதல்ல. பாஸ் தனியாள் என்பதுதான்.

இதைச் சரிசெய்யப் போகும் யாருக்கும் முதலில் தோன்றும் வழி, உயிர்ப்புள்ளியை ஏற்றுவது. 2008இல் வந்த நான்காம் பதிப்பு அதைத்தான் செய்தது. ‘சோலோ’ என்று தனி ரகத்தையே உருவாக்கி, ஒரு சோலோ ஐந்து சாதாரண அரக்கர்களுக்குச் சமம் என்று வைத்தது. உயிர்ப்புள்ளியை நான்கு, ஐந்து மடங்காக்கியது. விளைவு? சண்டை கடினமாகவில்லை, நீண்டது. பாதிச் சண்டையிலேயே யார் ஜெயிப்பார்கள் என்று எல்லாருக்கும் தெரிந்துவிடும்; மீதி நேரமெல்லாம் பகடையை உருட்டிக் கழித்துக் கழித்து எழுதும் குமாஸ்தா வேலை. 2010இல் வந்த அரக்கர் கையேடான மூன்றாவது மான்ஸ்டர் மானுவல் அரக்கர்களின் அடியைக் கனமாக்கிக் கணக்கைத் திருத்த வேண்டியிருந்தது.

ஆனாலும் அந்தப் பதிப்பில் ஒரு நல்ல யோசனை இருந்தது. டிராகனின் உயிர்ப்புள்ளி முதல்முறை பாதிக்குக் கீழே இறங்கியதும், செலவாகிப்போன நெருப்பு மூச்சு அதற்குத் திரும்பக் கிடைக்கும். அப்போதே, யாருடைய முறை என்று பாராமல், கக்கியும்விடும். ஜெயித்துவிட்டோம் என்று ஆட்டக்காரர்கள் நிமிர்ந்து உட்காரும் அதே கணத்தில் நடப்பது இது. ஐந்து மடங்கு உயிர்ப்புள்ளி தராத பயத்தை இந்த ஒரு வரி விதி தந்தது.

2014இல் வந்த ஐந்தாம் பதிப்பு உயிர்ப்புள்ளியை விட்டுவிட்டு முறைகளின் எண்ணிக்கையில் கைவைத்தது. சுற்றுக்கு மூன்று ‘லெஜண்டரி ஆக்‌ஷன்’. ஒரு வீரர் வெட்டிவிட்டு நகர்ந்ததும் அவர் முறையின் முடிவிலேயே டிராகன் வாலைச் சுழற்றலாம். மூன்றில் இரண்டைச் செலவழித்தால் சிறகடித்து, பக்கத்தில் நிற்பவர்களைக் கீழே தள்ளிவிட்டு எழும்பிப் பறக்கலாம். குகைக்கும் ஒரு பங்கு உண்டு. யார் எப்போது ஆடுவது என்று சொல்லும் இனிஷியேட்டிவ் வரிசையில் 20 என்ற எண் வரும்போது தரை அதிரும், அல்லது பாறைக்குழம்பு பீறிடும். சொந்த முறை ஒன்று, நடுநடுவே மூன்று, குகையின் பங்கு ஒன்று. கூட்டினால் ஐந்து. அந்தப் பக்கமும் ஐந்து பேர்தானே!

அதே பதிப்பின் இன்னொரு ஏற்பாட்டைத்தான் அவ்வளவாகப் பாராட்ட முடியாது. ‘லெஜண்டரி ரெசிஸ்டன்ஸ்’. பாஸை அசையவிடாமல் கட்டிப்போடும் மந்திரம் பலித்துவிட்டால் சண்டை அங்கேயே முடிந்துபோகும். ஆகவே பகடையில் தோற்றாலும், ஒரு நாளைக்கு மூன்று தடவை, “இல்லை, தப்பித்துவிட்டது” என்று டி.எம். அறிவிக்கலாம். தேவை புரிகிறது. ஆனால் ஒரு மந்திரவாதி தன் முறைக்காகக் கால் மணி நேரம் காத்திருந்து, கையிலிருந்த நல்ல மந்திரத்தைப் போட்டு, அதுவும் பலித்து, பிறகு ஒற்றை வாக்கியத்தில் அது செல்லாது என்று கேட்பது சண்டையில் தோற்பதைவிட எரிச்சலான விஷயம்.

முறைகளைக் கூட்டினால் மட்டும் போதாது என்பதற்கு டராஸ்க் சாட்சி. ஐந்தாம் பதிப்பின் 2014 புத்தகத்தில் அதன் உயிர்ப்புள்ளி 676, கவச எண் 25, மூன்று லெஜண்டரி ஆக்‌ஷன். ஊர்களையே விழுங்கக்கூடிய ராட்சதம். ஆனால் அதற்குப் பறக்கத் தெரியாது. தொலைவில் இருப்பவரைத் தாக்க எந்த வழியும் இல்லை. பறவை இனத்து ஆரகோக்ரா ஒருவர், முதல் நிலைப் பூசாரியாக இருந்தால்கூட, அதன் தலைக்கு மேலே 60 அடி உயரத்தில் பறந்துகொண்டு, செலவில்லாத சின்ன மந்திரத்தைத் திரும்பத் திரும்ப ஏவிக் கொன்றுவிடலாம் என்று ரசிகர்கள் கணக்குப் போட்டுக் காட்டினார்கள். பொறுமை வேண்டும், அவ்வளவுதான். 2025இல் வந்த புதிய மான்ஸ்டர் மானுவலில் 150 அடி வரை பாயும் ஒரு முழக்கத்தை டராஸ்க்குக்குக் கொடுத்திருக்கிறார்கள்.

இதற்கு நேர் எதிர்த்திசையில் ஒரு பழைய கதை. 1987 நவம்பரில் ‘டிராகன்’ பத்திரிகையின் 127ஆம் இதழில் அதன் ஆசிரியர் ரோஜர் மூர் எழுதிய தலையங்கம் அது. டக்கர் என்ற டி.எம். நடத்திய ஆட்டத்தில் கோபோல்டுகள் வரும். முதல் நிலை வீரர்களே ஒரு வெட்டில் சாய்த்துவிடும் குள்ளப் பிராணிகள். ஆறு முதல் பன்னிரண்டாம் நிலை வரை வளர்ந்த வீரர்கள் அவற்றைக் கண்டு பதறி ஓடினார்கள். காரணம், டக்கரின் கோபோல்டுகள் வெட்டவெளியில் வந்து நிற்பதே இல்லை. சுவரில் இருக்கும் துளை வழியே அம்பு வரும். பின்னால் கதவு சாத்திக்கொள்ளும். எரியும் குப்பைக்கூளத்தை முன்னால் தள்ளிக்கொண்டு வரும். கீழே பத்தாவது தளத்தில் பேய்கள் காத்திருக்க, அவை எவ்வளவோ பரவாயில்லை என்று வீரர்கள் நினைக்கும் நிலை. உயிர்ப்புள்ளியோ லெஜண்டரி ஆக்‌ஷனோ இல்லாமல், இடத்தை மட்டும் வைத்துக்கொண்டு நடத்திய சண்டை.

இடமும் பாஸும் ஒன்றாகச் சேர்ந்தால் கிடைப்பவர் ஸ்ட்ராட் வான் ஸாரோவிச். டிரேசி ஹிக்மன், லாரா ஹிக்மன் தம்பதி எழுதி 1983இல் வெளியான ‘ரேவன்லாஃப்ட்’டின் ரத்தக் காட்டேரிப் பிரபு. யாரோ நடத்திய ஆட்டமொன்றில், பாதாள அறையில் காரணமே இல்லாமல் ஒரு ரத்தக் காட்டேரி நின்றுகொண்டிருந்ததைப் பார்த்து, இது இங்கே என்ன செய்கிறது என்று டிரேசி கேட்டுக்கொண்டதில் பிறந்த கதை. ஆகவே ஸ்ட்ராடுக்கு ஒரு கோட்டை, ஒரு பழைய காதல், ஒரு நாடு எல்லாம் உண்டு.

2016இல் வந்த ‘கர்ஸ் ஆஃப் ஸ்ட்ராட்’ புத்தகத்தில் அவருடைய உயிர்ப்புள்ளி 144தான். முன்பு பார்த்த சிவப்பு டிராகனுக்கு இருப்பதில் பாதிக்குச் சற்றே மேல். ஆனால் கோட்டையின் உயரமான கோபுரத்தில் ஒரு பெரிய படிக இதயம் துடித்துக்கொண்டிருக்கிறது. ஸ்ட்ராட் மேல் விழும் அடியின் முதல் 50 புள்ளியை அது வாங்கிக்கொள்ளும்; விடிந்தால் மறுபடி நிரம்பிவிடும். கோட்டைக்குள் அவர் சுவரையும் தரையையும் ஊடுருவி நடப்பார். அடித்துவிட்டுச் சுவருக்குள் மறைந்தால், வெயிலோ ஓடும் நீரோ படாத வரை, முறைக்கு 20 புள்ளி காயம் தானாக ஆறும். அவரைக் கடைசியாக எந்த அறையில் சந்திப்பது என்பதைக்கூட ஆட்டத்தின் தொடக்கத்தில் குறி சொல்லும் சீட்டுகள் முடிவுசெய்கின்றன. அனுபவமுள்ள டி.எம். கையில் ஸ்ட்ராட் ஒருபோதும் நேருக்கு நேர் நின்று சண்டை போடுவதில்லை. மந்திரவாதி ஒரு நல்ல மந்திரத்தைச் செலவழிக்கும் வரை காத்திருப்பார், பிறகு போய்விடுவார். அரைமணி கழித்து வேறொரு சுவரிலிருந்து வருவார்.

ஸ்ட்ராடின் 144ஐயே குறைவு என்று நினைப்பவர்கள் ‘டஞ்சன் வேர்ல்ட்’ ஆட்டத்தின் டிராகனைப் பார்க்க வேண்டும். அதற்கு மொத்தம் 16 புள்ளி.

சண்டை நடக்கும்போதே திரைக்குப் பின்னால் பாஸின் உயிர்ப்புள்ளியைக் கூட்டிவிடும் டி.எம்.களும் உண்டு. இது சரியா என்று ஆட்டக்காரர்களிடையே ஓயாத சண்டை. இந்தத் தொடரின் தீர்ப்பு: தெரியாதவரை தப்பிக்கலாம், ஒருமுறை தெரிந்துவிட்டால் அந்த மேசையில் எந்த வெற்றியும் வெற்றியாக இருக்காது.

சேதக் கணக்கைத் தாண்டி ஒரு பாஸ் சண்டை எங்கே போக முடியும் என்று காட்டியது 2017இல் ‘கிரிட்டிகல் ரோல்’ குழு ஒளிபரப்பிய தன் ஆட்டத்தில் வந்த வில்லன் வெக்னாவுடனான சண்டை. டி.எம். மேத்யூ மெர்ஸர். கடவுளாகிவிட்ட வெக்னாவை அடித்தே கொல்வது திட்டமல்ல. தெய்வீகத் தளைகளை உடலில் இறக்கி, ஒரு சடங்கின் மூலம் உலகத்தைவிட்டே வெளியே தள்ளிப் பூட்ட வேண்டும். அடிபட்ட வெக்னா நடுவில் மாயமாய்த் தப்பிப் போகப் பார்த்தார். எதிர்மந்திரத்தால் தடுக்கலாம். ஆனால் அது நிச்சயம் பலிக்க வேண்டுமென்றால் ஒன்பதாம் நிலைச் சக்தியைச் செலவிட வேண்டும். பாடகன் ஸ்கேன்லனிடம் அது ஒன்றே ஒன்றுதான் மிச்சம். ஸ்கேன்லனாக ஆடிய சாம் ரீகல் அதை வேறொரு காரியத்துக்காகப் பொத்திப் பொத்தி வைத்திருந்தார். சண்டை முடிந்ததும் மரண தேவதையிடம் போயாக வேண்டிய நண்பன் வாக்ஸை, ‘விஷ்’ மந்திரத்தால் காப்பாற்றிவிடலாம் என்பது அவர் எண்ணம். எதிர்மந்திரத்தைப் போட்டார். வெக்னா போக முடியவில்லை. வாக்ஸைக் காப்பாற்ற வழியும் இல்லாமல் போயிற்று. மேசையில் அழுதது ஜெயித்தவர்கள்.

அந்த அழுகையை உயிர்ப்புள்ளியைக் கூட்டி வாங்க முடியாது. ஒரு முறை, ஒரே ஒரு சக்தி, இரண்டு தேவை என்ற நெருக்கடிக்குள் ஆட்டக்காரரைக் கொண்டுவந்து நிறுத்த மெர்ஸருக்கு 100க்கும் மேற்பட்ட அத்தியாயங்கள் தேவைப்பட்டன. அத்தனை காலம் காத்திருக்க விரும்பாமல், கதவைத் திறந்த கையோடு ஆட்டக்காரர்களைத் தீர்த்துக்கட்டும் வழியை கேரி கைகாக்ஸ் 1975லேயே கண்டுபிடித்திருந்தார். அதன் பெயர் ‘டூம் ஆஃப் ஹாரர்ஸ்’. அந்தக் கல்லறைக்குள் அடுத்த வாரம்.

(தொடரும்)